பள்ளிக்கூடக் கதைக்குள் நுழைய நவாபாகப் பிறக்க வேண்டுமா?

மே 3, சனி மாலை

கேள்வி என்னுடையது அல்ல. சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்கு வருகிற ஒரு சின்னப் பெண் கேட்டது. பத்து வயது. இங்கிலாந்து போர்டிங் ஸ்கூல் கதை ஒன்றைக் கையில் கொடுத்து, ஒரு பக்கத்தைத் தமிழில் சொல்லு என்றேன். இரண்டு வரி சொன்னாள், நிறுத்தினாள். "தாத்தா, இந்தப் பிள்ளைங்க சட்டையெல்லாம் யார் தோய்க்கிறது?"

என்னிடம் பதில் இல்லை. சின்ன வயதில் அந்த மாதிரிக் கதைகளை மூட்டை மூட்டையாகப் படித்தவன் நான். நள்ளிரவுத் தீனி, தலையணைச் சண்டை, ஒளித்து வைத்த கேக் எல்லாம் மனப்பாடம். அவர்கள் சட்டை அழுக்காகும் என்று ஒரு நாளும் தோன்றியதில்லை.

அதனால் இந்த இணையக் குழுவில் கேட்கிறேன். கூலி வேலைக்குப் போகிறவர்கள் வீட்டுப் பிள்ளைகள் படிக்கிற பள்ளிக்கூடத்தைப் பற்றி, பிள்ளைகளே விரும்பிப் படிக்கிற மாதிரிக் கதை உண்டா? தமிழ், ஆங்கிலம், ஜூலு, எதுவானாலும் சரி. அறிவுரைக் கதை வேண்டாம். கடைசிப் பக்கத்தில் டாக்டராகி ஊருக்குத் திரும்பி வருகிறவன் கதையும் வேண்டாம்.

மே 3, இரவு

ஒருவர் அதற்குள் டாக்டராகி ஊருக்குத் திரும்பி வருகிறவன் கதை ஒன்றைப் பரிந்துரைத்துவிட்டார். நன்றி ஐயா.

மே 5

நான் படித்ததைச் சொல்லிவிடுகிறேன், பிறகு நீங்கள் திட்டலாம்.

சாட்ஸ்வொர்த்தில் (தென்னாப்பிரிக்காவில், டர்பனை ஒட்டி இந்தியர்களைக் குடிவைத்த பகுதி) எங்கள் பக்கம் அப்போது நூலகம் கிடையாது. சனிக்கிழமை டர்பன் டவுனுக்குப் போய், விக்டோரியா ஸ்ட்ரீட் பக்கம் சினிமாக் கொட்டகை வாசலில் நின்று பழைய காமிக்ஸ் மாற்றிக்கொள்வோம். இரண்டு பழசு கொடுத்தால் சுமாரானது ஒன்று கிடைக்கும். அப்படி வந்து சேர்ந்ததுதான் பில்லி பன்ட்டர். குண்டுப் பையன், மூக்குக் கண்ணாடி, அடுத்தவன் தின்பண்டத்தைத் திருடித் தின்பான். 'மேக்னட்' என்கிற வாரப் பத்திரிகையில் 1908 முதல் 1940 வரை வந்த கதைகள். அப்புறம் கெட்டி அட்டைப் புத்தகமாகவும் வந்தன.

பன்ட்டர் படிக்கிற போர்டிங் ஸ்கூலில் ஓர் இந்தியப் பையன் இருக்கிறான். ஹரி ஜாம்செட் ராம் சிங். பெயரைக் கவனியுங்கள்: ஓர் இந்து, ஒரு பார்சி, ஒரு சீக்கியர் மூவரும் ஒரே பையனுக்குள் குடியிருக்கிறார்கள். ஊர் பானிபூர். அந்த ஊருக்கு இவன் நவாப். பேசுகிற ஆங்கிலத்தில் சொல்லுக்குச் சொல் ஒரு வால் ஒட்டியிருக்கும், வெள்ளைக்காரப் பிள்ளைகள் சிரிப்பதற்கு.

நாங்களும்தான் சிரித்தோம். எங்கள் அப்பா கார்ப்பரேஷனில் தெருக் கூட்டுகிறவர். ஆனால் படிக்கும்போது நாங்கள் யாரும் அந்த நவாபாக நம்மை நினைத்துக்கொண்டதில்லை. பன்ட்டரின் வகுப்புத் தோழர்களில் ஒரு வெள்ளைக்காரனாகத்தான் நினைத்துக்கொண்டோம். இதை எழுதும்போதே கொஞ்சம் கூசுகிறது.

ஜார்ஜ் ஆர்வெல் பர்மாவில் போலீஸ் வேலை பார்த்துத் திரும்பியதும் இந்தக் கதைகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். ஃபீஸ் கட்டிப் படிக்கிற பிரபு வீட்டுப் பிள்ளைகளின் கதையை அந்தப் பள்ளி வாசலைக்கூட மிதிக்க முடியாத ஏழைப் பிள்ளைகளும் காசு கொடுத்து வாங்கிப் படிக்கிறார்கள் என்பது அவர் கண்டது. நம்மைத்தான் சொல்லியிருக்கிறார் மனுஷன்.

மே 6

திருத்தம். "திரும்பியதும்" என்று எழுதியது தவறு. ஆர்வெல் பர்மாவில் இருந்தது 1922 முதல் 1927 வரை. கட்டுரை வந்தது 1940-ல். நடுவில் பதின்மூன்று வருஷம் இருக்கிறது.

அதிலே ஒரு வேடிக்கையும் உண்டு. இத்தனை வருஷமாக வாரா வாரம் வருகிற கதைகளை ஒரே ஆள் எழுதியிருக்க முடியாது, ஒரு கூட்டமே சேர்ந்து எழுதுகிறது என்று ஆர்வெல் ஊகித்தார். அதே வருஷம் அந்தக் கதைகளை எழுதிய ஃபிராங்க் ரிச்சர்ட்ஸ் பதில் எழுதினார்: ஐயா, நான் ஒரே ஆள்தான், இன்னும் உயிரோடுதான் இருக்கிறேன் என்கிற தோரணையில்.

மே 9

"உங்கள் பள்ளிக்கூடத்தில் அப்படி என்ன கதை இருந்தது?" என்று டர்பன் பக்கத்துப் பீனிக்ஸிலிருந்து ஒருவர் கேட்கிறார். எழுபதை நெருங்குகிறவனிடம் கேட்கக் கூடாத கேள்வி. இப்போது உட்கார்ந்து கேளுங்கள்.

நான் பிறந்தது மேகசின் பாரக்ஸில். சோம்ட்சூ ரோடு பக்கம், கார்ப்பரேஷன் வேலைக்காரர்களுக்குக் கட்டிய குடியிருப்பு. பெரும்பாலும் தமிழும் தெலுங்கும்தான். எந்த இனத்தார் எங்கே குடியிருக்கலாம் என்று பிரித்த குழுப்பகுதிச் சட்டம் 1950-ல் வந்தது. 1964-லிருந்து சாட்ஸ்வொர்த்தில் ஆட்களைக் கொண்டுபோய்க் குடிவைக்க ஆரம்பித்தார்கள். எங்கள் முறையும் வந்தது. யூனிட்டுக்கு நம்பர், ரோட்டுக்கு நம்பர், வீட்டுக்கு நம்பர். முதல் வாரம் ஆயா கடைக்குப் போய்விட்டு வேறொருவர் வீட்டுக்குள் நுழைந்து, அவர்கள் அடுப்பில் கொதித்த பருப்பைக் கிண்டிவிட்டு வந்தாள். எல்லா வீடும் ஒரே அச்சு.

வீடு கட்டிய வேகத்தில் பள்ளிக்கூடம் கட்டவில்லை. அதனால் பிளட்டூன். இளசுகளுக்குத் தெரியாது, சொல்கிறேன்: ஒரே கட்டடம், ஒரே பெஞ்சு, காலையில் ஒரு கூட்டம் படிக்கும், மதியம் அடுத்த கூட்டம். பெரிய வகுப்பு காலை, சின்ன வகுப்பு மதியம். பெஞ்சில் உட்கார்ந்தால் முன்னே இருந்தவனின் சூடு அப்படியே இருக்கும். மேஜைக்குள் அவன் மறந்த பென்சில் இருந்தால் அன்றைக்கு நமக்குப் பண்டிகை. எனக்கு முன்னால் என் இடத்தில் உட்கார்ந்தவன் யாரென்றே எனக்குத் தெரியாது. மேஜைக்குள் கரியால் எழுதி இரண்டு பேரும் ஒரு வருஷம் சண்டை போட்டோம்.

இதைவிட நல்ல பள்ளிக் கதைக்கு எந்தப் பிரபு வீட்டுப் பிள்ளையிடம் சரக்கு இருக்கிறது?

ஷூ கதையும் சொல்லியாக வேண்டும். எங்கள் வீட்டில் பள்ளிக்கு ஒரு ஜோடிதான். அண்ணன் காலையில் போட்டுக்கொண்டு போவான். மதியம் நான் கேட்டில் காத்திருப்பேன். மணி அடித்ததும் அவன் கழற்றிக் கொடுப்பான், நான் போட்டுக்கொண்டு உள்ளே ஓடுவேன், அவன் வெறுங்காலோடு வீட்டுக்கு நடப்பான். ஷூ இல்லாமல் வந்தால் வரிசையில் தனியாக நிறுத்துவார்கள். மழைக்காலத்தில் ஷூவுக்குள் அவன் கால் ஈரம் என் காலில் ஒட்டும். என் பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் நூறு தடவை சொல்லியிருப்பேன். அவர்கள் கண்ணை உருட்டுவார்கள்.

பிறகு உண்டிவில். 'கெட்டி' என்போம். என்னுடையதுதான் யூனிட்டிலேயே பேர் போனது. கொய்யாக் கவை, சைக்கிள் ட்யூப் ரப்பர், கல் வைக்க நல்ல தோல். மற்றவர்கள் எல்லாம் கித்தான் துணி வைத்திருந்தார்கள், என்னுடையது அசல் தோல். அதற்காகவே ஹெட்மாஸ்டரிடம் பிரம்படி வாங்கியிருக்கிறேன். சரி, தலைப்பை விட்டு எங்கேயோ போய்விட்டேன்.

மே 11

பீனிக்ஸ்காரர் மறுபடியும்: "ஏழைப் பிள்ளைக்கு ஏழைக் கதைதான் வேண்டும் என்று யார் சொன்னது? வீட்டில் பார்ப்பதையே புத்தகத்திலும் பார்க்க வேண்டுமா?"

நியாயமான அடி. இரண்டு நாளாக யோசித்தேன். பன்ட்டர் எனக்கு எதையும் பறிக்கவில்லை. அந்த ஒரு மணி நேரம் எனக்குத் தம்பியைத் தூக்க வேண்டாம், தண்ணீர் பிடிக்க வேண்டாம். கதையின் சுகமே அதில் பெரியவர்கள் இல்லாததுதான். போர்டிங் ஸ்கூல் கதை எழுதுகிறவனுக்கு முதல் பக்கத்திலேயே அப்பா அம்மாவை ரயில் நிலையத்தில் விட்டுவிட்டு வரும் வசதி இருக்கிறது. நம் பள்ளிக் கதையில் அது நடக்காது. அம்மா மணி அடிக்கும் முன்னே கேட்டில் நிற்பாள், கைக்குழந்தையை உன் அக்காவிடம் கொடு என்று. வீடு கூடவே வகுப்புக்குள் வந்து உட்கார்ந்திருக்கும். எழுதுவது கஷ்டம் என்பதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். எழுதக் கூடாது என்பதற்குக் காரணம் ஆகாது.

ஒருவர் 1937-ல் வந்த 'ஒன் எண்ட் ஸ்ட்ரீட்' குடும்பக் கதையை நினைவுபடுத்தினார். ஈவ் கார்னெட் எழுதியது, கார்னகி பதக்கம் வாங்கியது. அப்பா குப்பை அள்ளுகிறவர், அம்மா துணி வெளுக்கிறவள், ஏழு பிள்ளைகள். (சட்டை யார் தோய்க்கிறது என்ற கேள்விக்கு ஒருவழியாகப் பதில் கிடைத்தது.) அதில் ஒரு பெண் ஸ்காலர்ஷிப் வாங்கிப் பெரிய பள்ளிக்குப் போகிறாள். வாங்கிய புதுத் தொப்பி கடலோடு போய்விடுகிறது. அந்தத் தொப்பியின் விலை அவள் தலைக்குள் ஓடுகிற பக்கங்களை மட்டும் நான் மூன்று தடவை படித்தேன். மற்ற இடங்களில் ஆசிரியை கொஞ்சம் மேலே நின்று குனிந்து பார்த்துச் சிரிக்கிற மாதிரி இருக்கும். தொப்பி விஷயத்தில் மட்டும் கூடவே நின்று கவலைப்படுகிறாள்.

தெருக்கூட்டியின் மகன் குப்பை அள்ளுகிறவர் மகளின் கதையைக் கண்டுபிடிக்க அறுபது வயது ஆயிற்று. அது எங்கே போய் ஒளிந்திருந்ததோ, எங்கள் கொட்டகை வாசலுக்கு மட்டும் வரவே இல்லை.

மே 12

'பீனோ' காமிக்ஸின் பாஷ் ஸ்ட்ரீட் பிள்ளைகளை மறந்தேன் என்று திட்டு வந்திருக்கிறது. ஒப்புக்கொள்கிறேன். 1954-ல் தொடங்கியது. சாதாரணத் தெருப் பள்ளி, ஒருவனுக்குப் பல் துருத்தும், ஒருவனுக்குக் காது, யாரும் உருப்பட மாட்டார்கள், உருப்பட வேண்டும் என்று யாரும் எதிர்பார்க்கவும் மாட்டார்கள். அதுதான் எவ்வளவு நிம்மதி.

மே 14

தமிழில் ஏன் இங்கே எதுவும் வந்து சேரவில்லை என்று சென்னை நண்பர் ஆச்சரியப்படுகிறார். தம்பி, 1946-ல் இந்தியா தென்னாப்பிரிக்காவோடு வியாபாரத்தையே நிறுத்தியது. நியாயமான காரணத்துக்குத்தான், எங்களுக்காகத்தான். உறவு திரும்பியது 1993-ல். நடுவில் தமிழ்நாட்டுச் சிறுவர் பத்திரிகை ஒன்று யாராவது பெட்டியடியில் வைத்துக் கொண்டுவந்தால் உண்டு. மாலைப் பாடசாலையில் எங்களுக்கு இருந்தது அரிச்சுவடி, ஆத்திசூடி, கொஞ்சம் தேவாரம். ஔவையார் பள்ளிக்கூடம் போன கதை ஔவையாரே எழுதவில்லை.

மே 18, ஞாயிறு

இந்த இழையை என் மருமகள் அக்காவுக்கு வாசித்துக் காட்டியிருக்கிறாள். அக்கா சாட்ஸ்வொர்த் மான்ட்ஃபோர்ட்டில் இருக்கிறாள், என்னைவிட மூன்று வயது மூத்தவள். காலையிலேயே போன்.

"என்னடா, அண்ணன் ஷூ குடுத்தான்னு எழுதியிருக்கியாம்?"

ஆமாம் என்றேன்.

"அண்ணன் அப்போ ஸ்கூலை விட்டு ரெண்டு வருஷம் ஆச்சு. ஷூ குடுத்தது நானு."

நான் சும்மா இருந்தேன்.

"பொம்பளப் பிள்ளை ஷூ அது. மேலே வார் போட்டது. பசங்க சிரிக்கிறாங்கன்னு வாரை நீதான் பிளேடாலே அறுத்தே. அதுக்கப்புறம் எனக்கு அது காலிலேயே நிக்கல. உள்ளே பேப்பர் திணிச்சுப் போட்டுக்கிட்டு ஒரு வருஷம் நடந்தேன். அம்மாகிட்ட தானா அறுந்து போச்சுன்னு சொன்னேன்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். பிறகு கொத்தமல்லி விலை, பேரனின் கல்யாணம் என்று பேச்சு போய்விட்டது.

மே 18, இரவு

மேலே மே 9 குறிப்பில் ஷூ பத்தியை அழிக்கப் போனேன். அழிக்கவில்லை. கிடக்கட்டும்.

எனக்கு உண்மையிலேயே நினைவில்லை. கேட், மணி, ஈரம், எல்லாம் இருக்கிறது. கழற்றிக் கொடுக்கிற ஆளின் முகத்தில் மட்டும் அண்ணன் எப்படி வந்து உட்கார்ந்தான்? பேரப்பிள்ளைகளிடம் முதல் தடவை சொல்லும்போதே மாற்றிவிட்டேனா, அதற்கும் முன்பேயா? பெண்பிள்ளை ஷூ போட்டேன் என்று சொல்ல அந்த வயதில் கூச்சம் இருந்திருக்கும். அறுபது வருஷத்துக்கா?

மே 21

பீனிக்ஸ்காரர் "விடுங்கள் அண்ணே, நினைவு அப்படித்தான்" என்கிறார். இல்லை. நினைவு பிசகினால் ஏதாவது ஒரு பக்கம் பிசக வேண்டும். இது எனக்கு வசதியான பக்கமாகப் பார்த்துப் பிசகியிருக்கிறது.

அக்கா ஸ்டாண்டர்ட் சிக்ஸோடு (இப்போதைய எட்டாம் வகுப்பு) நின்றாள். பதினைந்து வயதில் துணித் தொழிற்சாலை, ஓவர்லாக் மெஷின். நான் மெட்ரிக் வரை போனேன். வீட்டில் யாரும் இதை உட்கார்ந்து தீர்மானித்ததாக எனக்குத் தெரியாது. ஒரு திங்கட்கிழமை அவள் பள்ளிக்குப் பதில் பஸ் ஏறினாள், அவ்வளவுதான். அன்றிலிருந்து ஷூ முழு நேரமும் என்னுடையது. போதாததற்கு என் பள்ளிச் சட்டைகளை அவள்தான் தைத்தாள், ஞாயிற்றுக்கிழமைதான் தோய்த்தாள்.

வகுப்பில் அந்தச் சின்னப் பெண் கேட்டபோது என்னிடம் பதில் இல்லை என்று மே 3 அன்று எழுதியிருக்கிறேன். பாருங்கள்.

மே 24, சனி

வகுப்பில் ஷூ கதையைச் சொன்னேன், புதுப் பதிப்பு. யாரும் கண்ணை உருட்டவில்லை. ஒரு பையன் "ஆக்கருக்கு சைஸ் என்ன?" என்றான். அவன் அக்காவை அப்படித்தான் கூப்பிடுவான். தெரியாது என்றேன். சின்னப் பெண்ணுக்கு வேறு கவலை: "ஷூ குடுத்துட்டு அந்த அக்கா வீட்டுக்கு எந்த வழியா போனாங்க? தார் ரோடா, மண் ரோடா?"

ஏன் கேட்கிறாய் என்றேன்.

"மத்தியானம் தார் சுடும்ல?"

அது எனக்குத் தோன்றவில்லை. என் கதையில் ஷூ உள்ளே ஓடியதும் கதையும் உள்ளே ஓடிவிடும். கேட்டுக்கு வெளியே நின்றவளின் பின்னால் நான் போனதே இல்லை. படித்து டாக்டராகித் திரும்பி வருகிறவன் கதை வேண்டாம் என்று சொன்னவன், அறுபது வருஷமாகச் சொல்லிவந்ததும் அதே கதையைத்தான். சாஸ்திரி காலேஜ் (பெயர்தான் காலேஜ், 1929-ல் திறந்த உயர்நிலைப் பள்ளி) காலத்திலிருந்து நம் வீட்டுக் கதைகள் எல்லாம் அப்படித்தான்: தம்பி படித்தான், குடும்பம் தலை நிமிர்ந்தது. மெஷினில் குனிந்த தலையைக் கணக்கில் சேர்ப்பதில்லை.

எழுதிப் பார்க்கப் போகிறேன். தார் ரோட்டிலிருந்து.

ஜூன் 1

நாலு பக்கம். குப்பை. அக்கா மிக நல்லவளாக இருக்கிறாள், பேசும்போதெல்லாம் பின்னால் வீணை கேட்கிறது. நிஜத்தில் அவள் என் கையைக் கடித்திருக்கிறாள்.

ஜூன் 16

இளைஞர் தினம், விடுமுறை. 1976 சொவேட்டோவைப் பற்றி வானொலியில் பேசிக்கொண்டே இருந்தார்கள். அன்றைக்குத் தெருவில் இறங்கியதும் பள்ளிப் பிள்ளைகள்தான், ஆப்பிரிக்கான்ஸில் பாடம் நடத்தாதே என்று.

இந்த நாட்டுப் பிள்ளைகளுக்கான கதை என்றால் பெவர்லி நாயுடுவின் 'ஜர்னி டு ஜோபர்க்' வந்தாக வேண்டும். 1985-ல் வெளிநாட்டில் வெளியானது, இங்கே 1991 வரை தடை. அக்காளும் தம்பியும் நோயாளித் தங்கச்சிக்காக, ஜோகன்னஸ்பர்க்கில் வீட்டு வேலை செய்கிற அம்மாவைத் தேடி முந்நூறு கிலோமீட்டர் கிளம்புகிறார்கள். பள்ளிக்கூடம் அதில் ஓரமாகத்தான் வருகிறது, ஆனால் முன்னால் நடப்பவள் அக்கா. பிள்ளைகள் கையில் கொடுக்கப் பயந்து ஓர் அரசாங்கம் தடை செய்கிறது என்றால், சிறுவர் கதை என்று நாம் இளப்பமாகப் பேசுகிறோமே, அவர்களுக்குத்தான் அதன் மதிப்பு தெரிந்திருக்கிறது. நம்மூர் நாயுடு வீட்டுப் பெண் எழுதியது என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

ஜூன் 17

மூன்று பேர் திருத்திவிட்டார்கள். அவர் ஜோகன்னஸ்பர்க்கில் பிறந்த வெள்ளைக்காரப் பெண்மணி. நாயுடு கணவர் வழி வந்தது. பெருமையைப் பாதியாகக் குறைத்துக்கொள்கிறேன், மருமகள் என்ற முறையில்.

ஜூன் 22, ஞாயிறு

இரண்டு பக்கம் நிற்கிறது. மணி அடிக்கிறது, அக்கா கழற்றிக் கொடுக்கிறாள், தம்பி திரும்பிப் பார்க்காமல் ஓடுகிறான், கதை அவளோடு வெளியே நிற்கிறது. தார் சுடுகிறது. ஓரத்துப் புல்லில் கால் வைத்து வைத்துப் போகிறாள். புல் முடிகிற இடத்தில் யாரோ ஒருவர் வீட்டு வேலி நிழல், அங்கே ஒரு நாய். இன்னும் வீடு போய்ச் சேரவில்லை. வார் அறுந்ததை இரண்டாம் பக்கத்தில் சொல்லிவிட்டேன், தம்பிதான் அறுத்தான் என்றும்.

மாலையில் அக்காவுக்கு போனில் படித்துக் காட்டினேன். குறுக்கே ஒரு வார்த்தை பேசவில்லை. முடித்ததும், "நாய் கறுப்பு இல்லடா, செவலை" என்றாள். மாற்றிக்கொண்டேன்.

கொஞ்ச நேரம் கழித்து: "அந்தப் பையன் அறுத்த வாரை என்ன பண்ணான்னு எழுதலையே?"

தெரியாது அக்கா, தூக்கி எறிந்திருப்பேன் என்றேன்.

"எங்க எறிஞ்சே? உன் கெட்டியிலே கல் வைக்கிற தோல் எங்கிருந்து வந்துச்சு?"